தேதி கடந்த ஆப்பிள் சைடர் வினிகர்: எது கெடும், எது கெடாது?

ஆப்பிள் சைடர் வினிகரை யாரும் ஒரேயடியாகக் காலி செய்வதில்லை. தேக்கரண்டிக் கணக்கில்தான் செலவாகிறது. அதனால் பாட்டில் தீர்வதற்கு முன்பே லேபிளில் உள்ள தேதி முடிந்துவிடுகிறது. அதற்குள் அடியில் பழுப்பாக ஏதோ படிந்திருக்கும், அல்லது மேலே வழவழப்பான ஒரு படலம் மிதக்கும். "வினிகர் கெடவே கெடாது" என்று ஒருவர் சொல்கிறார். "தேதி முடிந்ததைத் தொடாதே" என்று இன்னொருவர் சொல்கிறார். இரண்டையும் கேட்பவர் குழம்புவது நியாயம்தான்.

இருவருமே ஒரு கேள்வியைக் கேட்காமல் விட்டுவிடுகிறார்கள்: அந்தப் பாட்டிலில் இப்போது எத்தனை சதவீதம் அமிலம் இருக்கிறது? வினிகரைக் காப்பாற்றுவது அதன் செறிவு. செறிவு குறையாதவரை தேதி கடந்த வினிகரால் ஆபத்து இல்லை. செறிவு குறைந்துவிட்டால் தேதிக்கு இன்னும் ஆறு மாதம் இருந்தாலும் அதை நம்ப முடியாது. செறிவு எப்போது குறையும், எப்போது குறையாது என்பதைப் புரிந்துகொள்ள, வினிகர் உருவாகும் விதத்திலிருந்து தொடங்க வேண்டும்.

## இரண்டு கட்ட நொதித்தல்

ஆப்பிளை அரைத்துப் பிழிந்த சாற்றில் தண்ணீருக்கு அடுத்தபடியாக நிறைய இருப்பது சர்க்கரை. அது வினிகராக மாற, இரண்டு வகை நுண்ணுயிரிகள் அடுத்தடுத்து வேலை செய்கின்றன.

1. முதலில் ஈஸ்ட். இது சர்க்கரையை எத்தனாலாகவும் கார்பன் டை ஆக்சைடாகவும் மாற்றுகிறது. இதற்கு ஆக்சிஜன் தேவையில்லை. இந்தக் கட்டத்தின் முடிவில் கிடைப்பது சைடர், அதாவது ஆப்பிள் மது.

2. அடுத்து அசிட்டிக் அமில பாக்டீரியாக்கள். அசிட்டோபாக்டர், கொமகட்டாயிபாக்டர் போன்ற பேரினங்களைச் சேர்ந்தவை. இவை எத்தனாலை அசிட்டிக் அமிலமாக மாற்றுகின்றன. இதற்கு ஆக்சிஜன் கட்டாயம் வேண்டும்.

இரண்டாவது மாற்றத்தை உயிருள்ள நுண்ணுயிரிகளே செய்கின்றன என்று 1860களில் லூயி பாஸ்டர் காட்டினார். காற்று பட்டதும் நடக்கும் வெறும் வேதிவினைதான் அது என்று கருதிய வேதியியலாளர்கள் அப்போது இருந்தார்கள். காற்றும் வேண்டும், உயிருள்ள பாக்டீரியாவும் வேண்டும் என்ற இந்த இரட்டை நிபந்தனையை நினைவில் வையுங்கள். சேமிப்பு பற்றிய பெரும்பாலான விடைகள் இதிலிருந்தே வருகின்றன.

நொதித்தல் முடிந்த பிறகு வினிகர் இரண்டு வடிவங்களில் விற்பனைக்கு வருகிறது. ஒன்று, வடிகட்டி, சூடாக்கி பாஸ்டரைஸ் செய்த தெளிந்த வினிகர். இதில் பாக்டீரியாக்கள் உயிரோடு இருப்பதில்லை. மற்றொன்று, வடிகட்டாமல், சூடாக்காமல் அடைத்த கலங்கலான வினிகர். 'மதர் உள்ளது' என்று லேபிளில் எழுதியிருப்பது இதைத்தான்; மதர் என்பது இந்த பாக்டீரியாக்கள் உருவாக்கும் வழவழப்பான படலம். இரண்டிலும் அமிலத்தன்மை பெரும்பாலும் 5 சதவீதம். அமெரிக்காவின் உணவு, மருந்து ஒழுங்குமுறை அமைப்பான எஃப்.டி.ஏ. வினிகருக்கு எதிர்பார்க்கும் குறைந்தபட்ச அளவு 100 மில்லியில் 4 கிராம் அமிலம்.

## கிருமிகள் ஏன் வளர்வதில்லை

புளிப்பை அளக்கும் எண் பி.எச்; அது குறையக் குறைய புளிப்பு அதிகம். ஆப்பிள் சைடர் வினிகரின் பி.எச் மதிப்பு 3-ஐ ஒட்டி இருக்கும். உணவு நஞ்சாதலில் மிகவும் அஞ்சப்படும் கிளாஸ்ட்ரிடியம் பாட்டுலினம் என்ற பாக்டீரியா பி.எச் 4.6-க்குக் கீழே வளராது. அதனால் அந்தப் பயம் வினிகரில் இல்லை. ஆனால் புளிப்பு மட்டுமே காரணம் என்று நினைத்தால் பாதிதான் புரிந்திருக்கிறது. அதே பி.எச் அளவில் ஹைட்ரோகுளோரிக் அமிலத்தைவிட அசிட்டிக் அமிலம் நுண்ணுயிரிகளை அதிகமாகத் தடுக்கும். இத்தனைக்கும் இது வலிமை குறைந்த அமிலம். அந்த வலிமைக் குறைவுதான் இங்கே சாதகமாகிறது:

1. பி.எச் 3 உள்ள வினிகரில் அசிட்டிக் அமில மூலக்கூறுகளில் சுமார் 98 சதவீதம் அயனிகளாகப் பிரியாமல் முழுதாக இருக்கின்றன.

2. முழு மூலக்கூறுக்கு மின்னூட்டம் இல்லை. அதனால் அது பாக்டீரியாவின் செல் சவ்வைத் தாண்டி உள்ளே போய்விடுகிறது. அயனிகளால் அப்படி எளிதாக நுழைய முடியாது.

3. செல்லின் உட்புறம் ஏறக்குறைய நடுநிலையில் இருப்பதால், உள்ளே போன மூலக்கூறு அங்கே பிரிகிறது. ஹைட்ரஜன் அயனி செல்லைப் புளிக்க வைக்கிறது. அசிட்டேட் அயனி வெளியேற முடியாமல் உள்ளேயே சேர்கிறது.

4. அந்த அமிலத்தை வெளியே தள்ளிக்கொண்டே இருப்பதில் செல் தன் ஆற்றலைச் செலவிட்டு ஓய்ந்துபோகிறது.

இதைத் தாங்கிக்கொண்டு வாழ்வதற்கென்றே தகவமைந்தவை அசிட்டிக் அமில பாக்டீரியாக்கள். அவற்றையும் இன்னும் சில தாக்குப்பிடிக்கும் உயிரிகளையும் தவிர மற்றவற்றுக்கு 5 சதவீத வினிகரில் இடமில்லை. அப்புறம், இந்தப் பாதுகாப்பு முழுவதும் அமில மூலக்கூறுகளின் எண்ணிக்கையைப் பொறுத்தது. எண்ணிக்கை குறைந்தால் பாதுகாப்பும் குறையும்.

## அப்படியானால் லேபிளில் தேதி எதற்கு?

உணவுப் பொட்டலங்களில் இரண்டு வகைத் தேதிகள் உண்டு. 'யூஸ் பை' என்பது பாதுகாப்புக்கான எல்லை. அதைத் தாண்டிச் சாப்பிடக் கூடாது. 'பெஸ்ட் பிஃபோர்' என்பது தரத்துக்கான எல்லை. நிறமும் மணமும் தெளிவும் விற்றபோது இருந்தபடியே இருக்கும் என்று தயாரிப்பாளர் பொறுப்பேற்கும் காலம் அது. கலப்பில்லாத வினிகரில் நீங்கள் பார்ப்பது இந்த இரண்டாவது வகை.

சொல்லப்போனால் வினிகருக்குத் தேதி போட வேண்டிய கட்டாயமே பல விதிகளில் இல்லை. சர்வதேச உணவுத் தரநிலைகளின் தொகுப்பான கோடெக்ஸ் அலிமென்டாரியஸில், பொதி செய்த உணவுகளின் லேபிளுக்கான பொதுத் தரநிலை, உப்பு, சர்க்கரை போன்றவற்றோடு வினிகருக்கும் தேதியிலிருந்து விலக்கு கொடுக்கிறது. ஐரோப்பிய ஒன்றியத்தின் 1169/2011 ஒழுங்குமுறையிலும் இதே விலக்கு இருக்கிறது. அமெரிக்காவில் வினிகர் தயாரிப்பாளர்களின் அமைப்பான வினிகர் இன்ஸ்டிட்யூட், வினிகரின் ஆயுள் கிட்டத்தட்ட வரம்பற்றது என்று சொல்கிறது. அது தயாரிப்பாளர்களின் கூற்று என்பதை மனதில் வைத்தாலும், மேலே பார்த்த வேதியியல் அதற்கு இடம் கொடுக்கிறது.

ஒரே ஒரு எச்சரிக்கை. தேன், பழச்சாறு, இஞ்சி, மூலிகை என்று ஏதாவது கலந்து விற்கும் ஆப்பிள் சைடர் வினிகருக்கு இந்த விலக்கின் நியாயம் பொருந்தாது. அதில் லேபிள் சொல்லும் தேதியையும், 'திறந்த பின் ஃபிரிட்ஜில் வைக்கவும்' என்ற வரியையும் அப்படியே பின்பற்றுங்கள்.

## பயமுறுத்தும் மாற்றங்கள், ஆனால் ஆபத்தில்லாதவை

அடியில் படியும் வண்டலைப் பார்த்துத்தான் பலர் பாட்டிலைத் தூக்கி எறிகிறார்கள். ஆப்பிளில் உள்ள பாலிஃபீனால்களும் புரதங்களும் காலப்போக்கில் ஒன்றோடொன்று சேர்ந்து கரையாத துகள்களாகப் படிகின்றன. இறந்த ஈஸ்ட், பாக்டீரியா செல்களும் அதில் இருக்கும். நிறம் அடர்ந்துகொண்டே போவதும் பெரும்பாலும் பாலிஃபீனால்கள் ஆக்சிஜனேற்றம் அடைவதால்தான். வெள்ளை வினிகரில் இந்தப் பொருட்கள் இல்லாததால் அது வருடக்கணக்கில் அப்படியே இருப்பதுபோல் தெரிகிறது.

மேலே மிதக்கும் படலம் மதர். கொமகட்டாயிபாக்டர் இனத்தைச் சேர்ந்த பாக்டீரியாக்கள் காற்றுக்கு அருகில் இருப்பதற்காக நெய்துகொள்ளும் செல்லுலோஸ் பாய் இது. இந்தப் படலம் செல்லுலோஸால் ஆனது என்று ஏ. ஜே. பிரவுன் 1886-லேயே கண்டறிந்து எழுதினார். பாஸ்டரைஸ் செய்த வினிகரிலும், திறந்த பிறகு காற்றின் வழியே பாக்டீரியா விழுந்தால் புதிதாக மதர் உருவாகலாம். வடிகட்டிவிட்டுப் பயன்படுத்தலாம், அப்படியே விடவும் செய்யலாம். அதை ஒரு மருந்துபோலக் கொண்டாடவும் வேண்டாம், அழுகல் என்று பயப்படவும் வேண்டாம்.

சூடாக்காத வினிகரில் அபூர்வமாக, ஒரு மில்லிமீட்டரிலிருந்து இரண்டு மில்லிமீட்டர் வரை நீளமுள்ள நூல் போன்ற புழுக்கள் நெளிவதைக் காணலாம். டர்பேட்ரிக்ஸ் அசிட்டி என்ற இந்த உருளைப்புழு, மதரில் உள்ள பாக்டீரியாவைத் தின்று வாழ்கிறது. மனித உடலில் ஒட்டுண்ணியாக வாழாது, நோயும் தராது. ஆனாலும் புழு நெளியும் வினிகரை யாரும் விரும்பிச் சாப்பிட மாட்டார்கள். காபி வடிகட்டும் காகிதத்தில் வடிகட்டிச் சூடாக்கினால் போதும்.

## செறிவு உண்மையிலேயே குறையும் வழி

இனிதான் முக்கியமான இடம். அசிட்டிக் அமில பாக்டீரியாக்கள் எத்தனாலை அமிலமாக்குவதோடு நிற்பதில்லை. எத்தனால் தீர்ந்து, காற்று மட்டும் தொடர்ந்து கிடைத்தால், அசிட்டோபாக்டரும் கொமகட்டாயிபாக்டரும் தாங்கள் உருவாக்கிய அமிலத்தையே உணவாக எடுத்துக்கொள்ளும். அசிட்டிக் அமிலம் கார்பன் டை ஆக்சைடாகவும் தண்ணீராகவும் சிதையும். இதற்கு மிகை ஆக்சிஜனேற்றம் என்று பெயர். புளிப்பு மெல்ல மெல்ல இறங்கும். ஒரு கட்டத்துக்கு மேல் பூஞ்சணம் வளரும் அளவுக்கு வினிகர் நீர்த்துப்போகும்.

கேட்பதற்குப் பயமாக இருந்தாலும், மூடிய பாட்டிலில் இது எவ்வளவு நடக்க முடியும் என்று ஒரு கணக்குப் போட்டுப் பார்க்கலாம். ஒரு அசிட்டிக் அமில மூலக்கூறை முழுதாகச் சிதைக்க இரண்டு ஆக்சிஜன் மூலக்கூறுகள் வேண்டும். 500 மில்லி பாட்டில் பாதி காலியாக இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். 250 மில்லி வினிகரில் 12.5 கிராம் அமிலம் இருக்கும். மேலே உள்ள 250 மில்லி காற்றில் ஆக்சிஜன் சுமார் 52 மில்லி. அது முழுவதும் செலவானாலும் சிதைவது ஏறத்தாழ 0.06 கிராம் அமிலம்தான், அதாவது இருநூறில் ஒரு பங்கு. அதோடு ஆக்சிஜன் தீர்ந்துவிடும், பாக்டீரியாவின் வேலையும் நின்றுவிடும்.

இப்போது அதே வினிகரைத் துணியால் மூடிய அகலமான ஜாடியில், மதரோடு, கதகதப்பான இடத்தில் பல மாதங்கள் விட்டுவிட்டால்? ஆக்சிஜன் தீரவே தீராது. வீட்டில் தயாரித்த வினிகர் பல நேரம் "முதலில் நன்றாக இருந்தது, அப்புறம் சப்பென்று ஆகிவிட்டது" என்று ஆவதற்கு இது முக்கியமான காரணம். தயாரிப்பின்போது காற்று வேண்டும். தயாரானதும் காற்றைத் துண்டிக்க வேண்டும். இந்த இரண்டாவது பாதியைச் சொல்லாமல் விடும் செய்முறைக் குறிப்புகள் வாசகர்களுக்கு நல்லது செய்வதில்லை.

ஆகவே மூடிய, பாஸ்டரைஸ் செய்த வினிகரின் செறிவு பல வருடங்கள் மாறாது. மதர் உள்ள வினிகரும் இறுக மூடியிருந்தால் அப்படியே. கவனம் தேவைப்படுவது மதர், காற்று, வெப்பம் மூன்றும் ஒன்றாகச் சேரும் இடத்தில்.

## பி.எச் தாள் சொல்லாத உண்மை

செறிவைத் தெரிந்துகொள்ள பி.எச் தாளை நனைத்துப் பார்க்கும் வழக்கம் இருக்கிறது. அது உதவாது. தண்ணீரில் கரைத்த 5 சதவீத அசிட்டிக் அமிலத்தின் பி.எச் சுமார் 2.4. அதில் பாதி செறிவான 2.5 சதவீதக் கரைசலின் பி.எச் சுமார் 2.6. அமிலம் பாதியாகக் குறைந்தும் பி.எச் அசைந்தது சுமார் 0.15 அளவுதான். சாதாரண நிறத்தாளில் அந்த வித்தியாசம் கண்ணுக்குத் தெரியாது. நாக்கும் மூக்கும் இன்னும் மோசமான அளவுகோல்கள்.

சரியான வழி தரம்பார்த்தல், பள்ளி ஆய்வகத்தில் செய்ததுதான். 1 மில்லி வினிகரைத் தண்ணீரில் கலந்து, ஃபீனால்ஃப்தலீன் என்ற நிறங்காட்டியை இரண்டு சொட்டு விட்டு, 0.1 மோலார் சோடியம் ஹைட்ராக்சைடை இளஞ்சிவப்பு நிறம் நிலைக்கும்வரை சேர்க்க வேண்டும். எத்தனை மில்லி செலவானதோ அதை 0.6-ஆல் பெருக்கினால் அமிலச் சதவீதம் கிடைக்கும். 8.3 மில்லி ஆனால் 5 சதவீதம். சோடியம் ஹைட்ராக்சைடு கண்ணையும் தோலையும் அரிக்கும். கண்களுக்குப் பாதுகாப்புக் கண்ணாடியும் கையுறையும் இல்லாமல் இதைச் செய்யாதீர்கள்.

இவ்வளவு மெனக்கெடல் எல்லோருக்கும் தேவையா? சாலடில் ஒரு தேக்கரண்டி ஊற்றுபவருக்குத் தேவையில்லை. காய்களை வினிகரில் போட்டுப் பாட்டிலில் அடைத்து மாதக்கணக்கில் வெளியே வைப்பவருக்கு இது உயிர் சம்பந்தப்பட்ட விஷயம். அப்படிப் பதப்படுத்தும் முறைகள் எல்லாம் 5 சதவீத அமிலத்தை அடிப்படையாக வைத்துக் கணக்கிடப்பட்டவை. காய்களில் உள்ள நீர் சேர்ந்து கலவையின் பி.எச் 4.6-க்கு மேலே போய்விட்டால், மூடிய பாட்டிலுக்குள் பாட்டுலினம் நஞ்சு உருவாக வழி திறக்கிறது. செறிவு தெரியாத வீட்டு வினிகரையும், வெகுநாள் திறந்து கிடந்த வினிகரையும் இந்த வேலைக்குப் பயன்படுத்தவே கூடாது.

## எதில், எங்கே வைப்பது

பாத்திரம். கண்ணாடிதான் முதல் தேர்வு. வினிகர் விற்பனைக்கு வரும் உணவுத் தரப் பிளாஸ்டிக்கும் சரிதான். இரும்பு, அலுமினியம், செம்பு, பித்தளை வேண்டாம். அமிலம் இவற்றை அரித்து உலோக உப்புகளை வினிகருக்குள் இறக்கும். ஈயம் கலந்த படிகக் கண்ணாடிக் குடுவையும், ஈயப் பூச்சுள்ள பீங்கானும் இன்னும் ஆபத்தானவை. அழகுக்காக அவற்றில் ஊற்றி வைக்காதீர்கள்.

மூடி. உள்பூச்சு இல்லாத உலோக மூடி அமில ஆவியால் துருப்பிடிக்கும், துரு உள்ளே உதிரும், இறுக்கமும் போய்விடும். பிளாஸ்டிக் மூடி நல்லது. ஊற்றியதும் வாயைத் துடைத்து மூடுங்கள். அசிட்டிக் அமிலத்தின் வாசனை பழ ஈக்களை இழுக்கும். அவை பாக்டீரியாக்களைச் சுமந்து வரும்.

இடம். அடுப்புக்கும் ஜன்னலுக்கும் தள்ளி, இருட்டான அலமாரி. வெளிச்சம் நிறத்தையும் மணத்தையும் கெடுக்கும். வெப்பம் பாக்டீரியாவைச் சுறுசுறுப்பாக்கும். 25 முதல் 30 டிகிரி செல்சியஸ் அவற்றுக்கு மிகவும் பிடித்த வெப்பநிலை.

ஃபிரிட்ஜ். தேவையில்லை, வைத்தாலும் கெடுதல் இல்லை. மதர் வளர்வது பிடிக்காதவர்கள் வைக்கலாம். இன்னொரு வழி, ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் பாத்திரத்தில் 60 முதல் 70 டிகிரி வரை பத்து நிமிடம் சூடாக்கி, சுத்தமான பாட்டிலில் வாய்வரை நிரப்பி மூடுவது. கொதிக்க விடக் கூடாது. உறைய வைப்பதில் அர்த்தமில்லை, உறையும்போது விரிவதால் கண்ணாடி உடையலாம்.

## கலந்தபின் கணக்கு மாறிவிடுகிறது

ஒரு மேசைக்கரண்டி, அதாவது 15 மில்லி வினிகரைத் தண்ணீர் சேர்த்து 250 மில்லி ஆக்கினால், அமிலம் 5 சதவீதத்திலிருந்து 0.3 சதவீதமாக இறங்குகிறது. பி.எச் தாள் இதையும் 3-ஐ ஒட்டித்தான் காட்டும். ஆனால் கிருமிகளைத் தடுத்த மூலக்கூறுகள் பதினேழில் ஒரு பங்காகிவிட்டன. மொத்தமாகக் கலந்து பாட்டிலில் ஊற்றி நாள் கணக்கில் வெளியே வைப்பது தவறு. வேண்டும்போது கலந்து, அப்போதே குடித்துவிடுவது நல்லது.

தேன் கலந்தால் சர்க்கரையும் சேர்கிறது. நீர்த்த நிலையில் ஈஸ்டுக்கு அது விருந்து. வாயு உருவாகி மூடி தெறிக்கவும் கூடும். மூலிகை அல்லது பழத்துண்டு ஊறவைத்த வினிகர், முறையாகத் தயாரித்திருந்தால், குளிர்ந்த அறையில் 2 முதல் 3 மாதமும் ஃபிரிட்ஜில் 6 முதல் 8 மாதமும் நன்றாக இருக்கும். எண்ணெயும் பூண்டும் சேர்த்த சாலட் டிரெஸ்ஸிங்கை ஃபிரிட்ஜில் வைத்துச் சில நாட்களில் முடித்துவிடுங்கள். எண்ணெய் சூழ்ந்த பூண்டுத் துண்டுக்குள் அமிலம் போய்ச் சேராமல் இருக்கலாம், காற்றும் இருக்காது. பாட்டுலினத்துக்கு அதுதான் வேண்டும்.

## எப்போது கொட்ட வேண்டும்

1. மேற்பரப்பில் பச்சை, கருப்பு அல்லது சாம்பல் நிறத்தில் உலர்ந்த, ரோமம் போன்ற வளர்ச்சி இருந்தால். அது பூஞ்சணம். மதர் எப்போதும் ஈரமாக, வழவழப்பாக, வெளிர் பழுப்பாக இருக்கும். பூஞ்சணம் வந்திருக்கிறது என்றாலே செறிவு போய்விட்டது என்று அர்த்தம். மேலே உள்ளதை மட்டும் எடுத்துவிட்டு மிச்சத்தை வைத்துக்கொள்ள வேண்டாம்.

2. புளிப்பு வெளிப்படையாகக் குறைந்து, மணம் மக்கிப்போயிருந்தால்.

3. அரிபட்ட மூடியிலிருந்து துருவோ உலோகமோ உள்ளே விழுந்திருந்தால்.

4. வேறு பொருள் கலந்த பாட்டில் உப்பியிருந்தால், அல்லது திறக்கும்போது அழுத்தத்தோடு நுரைத்தால்.

நகப்பூச்சு அகற்றும் திரவம் போன்ற மணம் லேசாக வந்தால் பயம் வேண்டாம். அது எத்தில் அசிட்டேட். வினிகரில் இயல்பாகவே சிறிதளவு இருக்கும். பூஞ்சணமும் அந்நியப் பொருளும் இல்லாமல் வெறுமனே செறிவு குறைந்துபோன வினிகரை, கெட்டிலில் படிந்த சுண்ணாம்புக் கறையை நீக்கவும் கண்ணாடி துடைக்கவும் பயன்படுத்தலாம்.

ஆப்பிள் சைடர் வினிகர் மாத்திரைகளும் கம்மிகளும் இந்தக் கணக்குக்குள்ளேயே வருவதில்லை. அவை உலர்ந்த அல்லது இனிப்பூட்டிய வேறு பொருட்கள். ஈரம் பட்டால் கெடும், அவற்றில் அச்சிட்ட தேதிதான் பொருந்தும். அமிலச் செறிவையும் நம்ப முடியாது. மாத்திரை தொண்டையில் சிக்கி ஒருவருக்கு உணவுக்குழாய் புண்ணானதைத் தொடர்ந்து எட்டுத் தயாரிப்புகளைச் சோதித்து 2005-இல் வெளியான ஆய்வில், அவற்றின் அமில அளவும் பி.எச்சும் ஒன்றுக்கொன்று பெரிதும் மாறுபட்டிருந்தன.